வேலி போட்டாங்க... ஊரே காணாமப் போச்சு! 80 மைல் நடந்து வீடு திரும்பிய கவிஞர் ஜான் கிளேரின் கதை

1841-ம் ஆண்டு ஜூலை 20. லண்டனுக்குப் பக்கத்தில் உள்ள எப்பிங் காட்டுப் பகுதியில் இருந்த ஒரு மனநலக் காப்பகத்திலிருந்து 48 வயது மனிதர் ஒருவர் யாரிடமும் சொல்லாமல் கிளம்பினார். போக வேண்டிய ஊர் சுமார் 80 மைல் தூரத்தில் இருந்தது. கையில் காசு கிடையாது. சாப்பாடும் கிடையாது.

வடக்கே போனால் ஊர் வரும் என்பது மட்டும் அவருக்குத் தெரியும். அதனால் முதல் நாள் ராத்திரி ஒரு கொட்டகையில் படுத்தபோது, தலையை வடக்குப் பக்கம் வைத்துப் படுத்தார். காலையில் எழுந்ததும் எந்தப் பக்கம் நடக்க வேண்டும் என்று குழம்பக் கூடாது அல்லவா? பசி தாங்க முடியாமல் போனபோது, சாலையோரப் புல்லைப் பிடுங்கித் தின்றார்.

அந்த மனிதர் ஜான் கிளேர். 20 ஆண்டுகளுக்கு முன்பு லண்டனே கொண்டாடிய கவிஞர். அப்படிப்பட்டவருக்கு என்னதான் ஆச்சு? அதைப் புரிந்துகொள்ள, முதலில் அவர் பிறந்த ஊரைத் தெரிந்துகொள்ள வேண்டும்.

யார் இந்த ஜான் கிளேர்?

இங்கிலாந்தின் கிழக்குப் பகுதியில், பீட்டர்பரோ நகருக்குப் பக்கத்தில் இருக்கிறது ஹெல்ப்ஸ்டன் என்ற சின்ன கிராமம். சுண்ணாம்புக்கல் வீடுகள், புனித பொட்டால்ஃப் தேவாலயம், நடுத்தெருவில் ஒரு பழைய கல்சிலுவை மேடை, 'புளூ பெல்' என்ற மதுக்கடை. ஊருக்கு ஒரு பக்கம் சதுப்பு நிலம், இன்னொரு பக்கம் புதர்க்காடும் மேடான கல்நிலமும்.

1793 ஜூலை 13 அன்று இங்கே பிறந்தார் கிளேர். கூடவே பிறந்த இரட்டைச் சகோதரி சில வாரங்களிலேயே இறந்துவிட்டாள். அப்பா பார்க்கர் கிளேர், களத்தில் கதிரடிக்கும் கூலித் தொழிலாளி. எழுத்துக்கூட்டி ஏதோ கொஞ்சம் படிப்பார். ஆனால் நூற்றுக்கும் மேற்பட்ட நாட்டுப்பாடல்கள் அவருக்கு மனப்பாடம். அம்மா ஆனுக்கு ஓர் எழுத்துகூடத் தெரியாது.

வருஷத்தில் சில மாதங்கள் மட்டுமே பள்ளிக்கூடம். மற்ற நாட்களில் காக்கை விரட்டுவது, வாத்து மேய்ப்பது, ஆடு பார்ப்பது. குளிர்காலத்தில் அப்பாவோடு களத்தில் கதிரடிக்கவும் போனார். பையனால் பெரிய கோலைத் தூக்க முடியாது என்பதால், அப்பா அவருக்கென்று சின்னதாக ஒரு கதிரடி கோல் செய்து கொடுத்தார். 12 வயதுக்குள் படிப்பு முடிந்தது. பிறகு பக்கத்து வீடான புளூ பெல் கடையில் எடுபிடி வேலை.

வேலியில்லாத ஊர் எப்படி இருந்தது?

கிளேர் சிறுவனாக இருந்தபோது ஹெல்ப்ஸ்டனில் வயல்களுக்கு நடுவே வேலி கிடையாது. ஊரைச் சுற்றி மிகப் பெரிய திறந்த வயல்வெளிகள். ஒவ்வொன்றும் நூற்றுக்கணக்கான நீளப் பட்டைகளாகப் பிரிந்து கிடக்கும். ஒருத்தருக்கு இங்கே ரெண்டு பட்டை, அங்கே ஒரு பட்டை என்று நிலம் சிதறி இருக்கும். என்ன பயிர், எப்போது விதைப்பு, எப்போது அறுவடை என்பதெல்லாம் ஊர் கூடி எடுக்கும் முடிவு.

ஒவ்வொரு வருஷமும் ஒரு வயல் தரிசாக விடப்படும். அங்கே மாடுகள் மேயும். அறுவடை முடிந்தால் மற்ற வயல்களும் மேய்ச்சலுக்குத் திறந்துவிடப்படும். உதிர்ந்து கிடக்கும் கதிர்களை ஏழைப் பெண்களும் குழந்தைகளும் பொறுக்கிக்கொள்வார்கள். இதைத் தவிர பொதுநிலம் தனியாக உண்டு. புதர்க்காட்டில் அடுப்புக்கு விறகும் முள்செடியும் எடுக்கலாம். வாத்து மேய்க்கலாம். லாங்லி புஷ் என்ற இடத்தில் ஜிப்சிகள் வந்து கூடாரம் போடுவார்கள். கிளேர் அவர்களிடம் போய் உட்கார்ந்து வயலின் வாசிக்கக் கற்றுக்கொண்டார்.

இதையெல்லாம் சொர்க்கம் என்று நினைத்துவிட வேண்டாம். வறுமை இருந்தது, காய்ச்சல் இருந்தது, கூலி குறைவு. ஆனால் சொந்தமாக ஒரு அடி நிலம் இல்லாத ஒருத்தர்கூட, ஊர் எல்லை முழுக்க எங்கு வேண்டுமானாலும் நடக்கலாம். எங்கே போகிறாய் என்று கேட்க ஆள் இல்லை.

ஒன்றரை ஷில்லிங் புத்தகம்

கிளேருக்கு 13 வயது இருக்கும்போது, ஜேம்ஸ் தாம்சன் என்ற கவிஞர் பருவகாலங்களைப் பற்றி எழுதிய புத்தகத்தின் கிழிந்த பிரதி ஒன்றைப் பார்த்தார். மனசு அதிலேயே நின்றுவிட்டது. விலை ஒன்றரை ஷில்லிங். எப்படியோ காசைச் சேர்த்துக்கொண்டு ஸ்டாம்ஃபோர்டு நகருக்கு நடந்தே போனார். போனது ஞாயிற்றுக்கிழமை, கடை மூடியிருந்தது.

விடவில்லை. இன்னொரு நாள், தான் மேய்க்க வேண்டிய குதிரைகளைப் பார்த்துக்கொள்ளச் சொல்லி வேறொரு பையனுக்குக் காசு கொடுத்துவிட்டு மறுபடியும் போய் வாங்கினார். திரும்பும் வழியில், வேலை நாளில் புத்தகம் படிப்பதை யாரும் பார்த்துவிடக் கூடாது என்று பர்லி என்ற பெரிய மாளிகைத் தோட்டத்தின் மதில் ஏறிக் குதித்து, உள்ளே உட்கார்ந்து படித்தார். அன்றே எழுதவும் ஆரம்பித்தார்.

அதன் பிறகு வயல்வேலையின் நடுவே எழுதுவதே வழக்கமாகிவிட்டது. தொப்பியை மடியில் வைத்து அதையே மேஜையாக்கிக்கொள்வார். காகிதம் வாங்கக் காசில்லாததால் கிடைத்த துண்டுக் காகிதங்களில் எழுதுவார். மையையும் தானே காய்ச்சிக்கொண்டார்.

1809-ல் வந்த சட்டம் என்ன செய்தது?

1809-ல் ஹெல்ப்ஸ்டனையும் சுற்றியிருந்த சில ஊர்களையும் சேர்த்து பிரிட்டன் நாடாளுமன்றம் ஒரு சட்டம் போட்டது. ஆங்கிலத்தில் இதற்கு 'என்க்ளோஷர்' என்று பெயர். தமிழில் எளிதாகச் சொன்னால், வேலியடைப்புச் சட்டம்.

இது எப்படி வேலை செய்தது? ஊரில் அதிக நிலம் வைத்திருப்பவர்கள் நாடாளுமன்றத்துக்கு மனு கொடுப்பார்கள். சட்டம் நிறைவேறியதும் ஆணையர்கள் வருவார்கள். ஊரை முழுசாக அளப்பார்கள். சிதறிக் கிடந்த பட்டைகளையும் பொதுநிலத்தையும் ஒன்றாகச் சேர்த்து, சட்டப்படி உரிமை காட்டியவர்களுக்குப் பங்கு போட்டுக் கொடுப்பார்கள். பங்கு கிடைத்தவர் தன் செலவில் வேலி போட வேண்டும்.

இதில் சிறு விவசாயிக்குக் கிடைத்தது சின்னத் துண்டு. வேலி போடும் செலவே தாங்காமல் பலர் விற்றுவிட்டார்கள். நிலமே இல்லாத கூலிக்காரருக்கு? ஒன்றும் இல்லை. தாத்தா காலத்திலிருந்து மாடு மேய்த்ததும் விறகு எடுத்ததும் வெறும் பழக்கம்தான், எந்தப் பத்திரத்திலும் இல்லை. பத்திரத்தில் இல்லாததற்கு நஷ்டஈடும் இல்லை.

ஹெல்ப்ஸ்டன் மட்டுமல்ல. 1604-க்கும் 1914-க்கும் இடையில் இங்கிலாந்தில் இப்படி 5,200-க்கும் மேற்பட்ட சட்டங்கள் போடப்பட்டன. அதில் அடங்கிய நிலம் சுமார் 68 லட்சம் ஏக்கர்.

இந்த மாற்றத்தை ஆதரித்தவர்களுக்கும் ஒரு வாதம் இருந்தது. பட்டை பட்டையாகச் சிதறிய நிலத்தில் புது முறையில் விவசாயம் செய்ய முடியாது, ஒன்றாகச் சேர்த்தால் விளைச்சல் கூடும் என்றார்கள். கூடுதல் விளைச்சல் யார் வீட்டுக் களஞ்சியத்துக்குப் போனது என்பதுதான் கிளேர் போன்றவர்களின் கேள்வி.

வேலி போட்டதும் அவர் கைதான்

கொடுமை என்னவென்றால், அந்த வேலிகளை நட்டவர்களில் கிளேரும் ஒருவர். வீட்டில் அப்பாவுக்கு மூட்டுவாதம் வந்து உழைக்க முடியாத நிலை. வேலியடைப்பு வந்ததும் முள்செடி நடவும் கம்பம் ஊன்றவும் ஆள் தேவைப்பட்டது. கூலி கிடைத்தது. போனார்.

அவர் கண் முன்னாலேயே ஊர் மாறியது. பழைய மரங்கள் வெட்டப்பட்டன. வளைந்து வளைந்து போன ஒற்றையடிப் பாதைகள் மறைந்து, அளந்து போட்ட நேர்ச் சாலைகள் வந்தன. பொதுநிலத்தை உழுதார்கள். சின்ன வயசிலிருந்து நடந்த வழியில், உள்ளே வரக் கூடாது என்ற பலகை முளைத்தது.

ஸ்வார்டி வெல் என்று ஒரு பழைய கல்குழி. மாடும் ஆடும் மேய்ந்த, காட்டுப்பூ பூத்த பொது இடம். வேலியடைப்புக்குப் பிறகு சாலை போடக் கல் எடுக்கும் இடமாக அது ஒதுக்கப்பட்டது. பின்னாளில் இதைப் பற்றி கிளேர் ஒரு நீண்ட கவிதை எழுதினார். அதில் பேசுவது மனிதரல்ல, அந்த நிலமே வாய் திறந்து தன் கதையைச் சொல்லும். தன்னிடம் இருந்ததையெல்லாம் பிடுங்கிக்கொண்டு, ஊர் நிவாரணத்தில் வாழும் ஏழையைப் போல ஆக்கிவிட்டார்கள் என்று முறையிடும். கிளேரின் அப்பாவும் அப்படி நிவாரணம் வாங்கியவர்தான்.

1820: ஒரே வருஷத்தில் மூன்று சம்பவங்கள்

சுண்ணாம்புக் காளவாயில் வேலை பார்த்தபோது மார்த்தா டர்னர் என்ற பெண்ணைச் சந்தித்தார். எல்லோரும் அவரை பேட்டி என்று கூப்பிடுவார்கள். அதே காலத்தில் ஸ்டாம்ஃபோர்டு புத்தகக் கடைக்காரர் ஒருவர் மூலம் கிளேரின் கவிதைகள் லண்டனில் ஜான் டெய்லர் என்ற பதிப்பாளரிடம் போய்ச் சேர்ந்தன. கவிஞர் கீட்ஸின் புத்தகங்களை வெளியிட்டவரும் இவர்தான்.

1820 ஜனவரியில் கிளேரின் முதல் புத்தகம் வந்தது. மார்ச்சில் பேட்டியுடன் கல்யாணம். அதே 1820-ல்தான் ஹெல்ப்ஸ்டன் வேலியடைப்பின் இறுதிப் பங்கீட்டு ஆவணமும் முடிவானது. அதாவது, ஊரைப் பாடிய புத்தகம் வெளிவந்த வருஷத்திலேயே அந்தப் பழைய ஊருக்குச் சட்டப்படி முடிவுரையும் எழுதப்பட்டது.

புத்தகம் பிய்த்துக்கொண்டு போனது. ஓராண்டுக்குள் 4 பதிப்புகள், 3,000 பிரதிகளுக்கும் மேல் விற்பனை. கீட்ஸைவிட அதிகம். அட்டையிலேயே நார்தாம்ப்டன்ஷயர் குடியானவர் என்று போட்டிருந்தார்கள். வயலில் வேலை செய்யும் ஆள் கவிதை எழுதுகிறாரா என்று லண்டன் பணக்காரர்களுக்கு ஒரே ஆச்சரியம். குதிரை வண்டி கட்டிக்கொண்டு ஹெல்ப்ஸ்டனுக்கே பார்க்க வந்தார்கள். வயலில் நிற்கும் கிளேரைக் கூப்பிட்டு விடுவார்கள். பேசிவிட்டுப் போவார்கள். அன்றைய அரைநாள் கூலி போய்விடும்.

கவிதையில் கைவைத்தது யார்?

உதவி செய்தவர்களிடமிருந்தே சிக்கலும் வந்தது. பெரிய மனிதர்கள் சேர்ந்து அவருக்கு ஆண்டுக்குச் சுமார் 45 பவுண்டு வரும்படி ஏற்பாடு செய்தார்கள். அவர்களில் ஒருவரான ராட்ஸ்டாக் பிரபு, பணக்காரர்களைக் குறை சொல்லும் வரிகளை நீக்கச் சொல்லி அழுத்தம் கொடுத்தார். அடுத்தடுத்த பதிப்புகளில் அந்த வரிகள் போய்விட்டன.

இன்னொரு பக்கம் மொழி. கிளேர் தன் ஊர்ப் பேச்சிலேயே எழுதினார். நத்தை ஓட்டுக்கு அவர் ஊரில் 'பூட்டி' என்று பெயர். தண்ணீர் உறைய ஆரம்பிப்பதற்கு 'கிரிஸில்' என்பார்கள். காற்புள்ளி, முற்றுப்புள்ளி எதுவும் போடமாட்டார். பதிப்பாளர் புள்ளிகளைப் போட்டார், பல வட்டாரச் சொற்களை எடுத்துவிட்டு நகரத்துச் சொற்களை வைத்தார். ஊரில் வேலி வந்தது போலவே கவிதைக்குள்ளும் ஒரு வேலி.

வேலியடைப்பை நேரடியாகத் தாக்கிய அவருடைய முக்கியமான கவிதைகள் அவர் உயிரோடு இருந்தவரை அச்சிலேயே வரவில்லை. ஹெல்ப்ஸ்டனில் பெரிய நிலக்கிழார்களாக இருந்த ஃபிட்ஸ்வில்லியம் குடும்பத்தினர், அவருக்கு உதவித்தொகை கொடுத்தவர்களும்கூட. சோறு போடும் கையைப் பற்றி எவ்வளவுதான் எழுத முடியும்?

புகழ் போச்சு, கடன் வந்தது

1821-ல் இரண்டாவது புத்தகம். முதல் புத்தகம் அளவுக்கு ஓடவில்லை. மூன்றாவது புத்தகமான 'தி ஷெப்பர்ட்ஸ் காலண்டர்' ஒரு கிராமத்தின் 12 மாதங்களைச் சொல்வது. பதிப்பாளர் வருஷக்கணக்கில் இழுத்தடித்து 1827-ல் வெளியிட்டார். அதற்குள் கவிதைப் புத்தகச் சந்தையே சரிந்துவிட்டது. சில நூறு பிரதிகள்தான் விற்றன. கடைசியில் கிளேரே தன் புத்தகங்களை வாங்கித் தூக்கிக்கொண்டு ஊர் ஊராக விற்கப் போனார்.

இந்தக் காலத்திலும் அவர் ஊரைக் கவனிப்பதை நிறுத்தவில்லை. எந்தப் பறவை எந்தப் புதரில் கூடு கட்டும், எதை வைத்துக் கட்டும், முட்டையின் நிறம் என்ன என்று நேரில் பார்த்ததை மட்டுமே எழுதினார். ஹெல்ப்ஸ்டனின் இயற்கை வரலாறு என்று ஒரு தனிப் புத்தகமே எழுதத் திட்டமிட்டார். அது முடியவில்லை.

வீட்டில் மனைவி, குழந்தைகள், வயதான பெற்றோர். 45 பவுண்டு எந்த மூலைக்கு? உடல்நிலை கெட்டது, குடிப்பழக்கம் வாட்டியது, மனச்சோர்வு அடிக்கடி வந்து போனது.

வெறும் 3 மைல்... ஆனாலும் வேற ஊர்!

1832-ல் ஃபிட்ஸ்வில்லியம் குடும்பம் அவருக்கு நார்த்பரோ என்ற கிராமத்தில் நல்ல வீடும் கொஞ்சம் நிலமும் கொடுத்தது. ஹெல்ப்ஸ்டனிலிருந்து வெறும் 3 மைல். இன்றைக்கு காரில் சில நிமிஷம். ஆனால் கிளேர் உடைந்துபோனார். அங்கே சதுப்பு நிலத்தின் சமவெளி, அவருக்குப் பழக்கமான மரங்களும் புதர்க்காடும் இல்லை. சூரியன்கூடத் தப்பான இடத்தில் உதிப்பது போல அவருக்குத் தோன்றியது.

வேலி வந்தபோது ஊர் அவரைவிட்டுப் போனது. இப்போது அவரும் ஊரைவிட்டுப் போனார்.

1837-ல் எப்பிங் காட்டில் டாக்டர் மேத்யூ ஆலன் நடத்திய காப்பகத்தில் சேர்க்கப்பட்டார். அந்தக் காலத்துக் காப்பகங்களோடு ஒப்பிட்டால் அது கொஞ்சம் மனிதத்தன்மையான இடம். காட்டில் தனியாக நடக்க விடுவார்கள். ஆனால் அவருடைய மனம் தேறவில்லை. தன்னைக் கவிஞர் பைரன் என்று நம்பினார், சில நேரம் குத்துச்சண்டை வீரர் என்று நம்பினார். பக்கத்து ஊரான கிளின்டனில் கூடப் படித்த மேரி ஜாய்ஸ் என்ற பெண்ணைத் தன் முதல் மனைவி என்று உறுதியாக நம்பினார். சின்ன வயசுக் காதல் அது. கல்யாணம் நடக்கவே இல்லை.

4 ஆண்டுகள் கழித்து, 1841 ஜூலையில் மேரியைத் தேடித்தான் அந்த 80 மைல் நடை. நான்காவது நாள் பீட்டர்பரோ பக்கம் வந்தபோது, ஹெல்ப்ஸ்டன்காரர்கள் சிலர் அவரை அடையாளம் கண்டு, சில்லறை கொடுத்து உதவினார்கள். அதன் பிறகு ஒரு வண்டி எதிரே வந்தது. அதிலிருந்து இறங்கி வந்த பெண்ணை அவருக்கு அடையாளம் தெரியவில்லை. அவர்தான் பேட்டி, அவருடைய மனைவி.

மேரி இறந்து 3 ஆண்டுகள் ஆகிவிட்டன என்று வீட்டில் சொன்னார்கள். தீ விபத்தில் இறந்திருந்தார். கிளேர் அதை நம்பவில்லை. நடந்து வந்த கதையை எழுதி, மேரிக்குக் கடிதமாகவே வைத்தார்.

கடைசி 22 ஆண்டுகள்

1841 டிசம்பரில் நார்தாம்ப்டன் மனநலக் காப்பகத்துக்குக் கொண்டுபோனார்கள். அதன் பிறகு அவர் ஊர் திரும்பவே இல்லை. சேர்க்கும் படிவத்தில், நோய்க்கு முன் பல ஆண்டுகள் கவிதை எழுதும் பழக்கம் இருந்ததையும் ஒரு குறிப்பாக எழுதியிருந்தார் மருத்துவர்!

அங்கேயும் எழுதினார். பகலில் நகரத்துக்குள் போக அனுமதி இருந்ததால், ஆல் செயின்ட்ஸ் தேவாலய முகப்பில் உட்கார்ந்திருப்பார். காப்பக நிர்வாகியான நைட் என்பவர் அவருடைய கவிதைகளைப் பொறுமையாகப் படியெடுத்து வைத்தார். இன்று உலகமெங்கும் படிக்கப்படும் 'ஐ ஆம்' என்ற கவிதை அங்கே எழுதப்பட்டதுதான்.

1864 மே 20 அன்று 70 வயதில் இறந்தார். உடலை ஹெல்ப்ஸ்டனுக்குக் கொண்டுவந்து, தேவாலயத்தில் பெற்றோருக்குப் பக்கத்தில் புதைத்தார்கள்.

வேலிதான் அவர் மனநோய்க்குக் காரணமா?

அப்படி ஒரே வரியில் சொல்லிவிட முடியாது. வறுமை, குடும்பச் சுமை, தலையில் தூக்கி வைத்துக் கொண்டாடிவிட்டுக் கைவிட்ட வாசகர்கள், உடல்நோய் என எல்லாமே சேர்ந்திருந்தன. வேலியடைப்பைப் பார்த்த ஆயிரக்கணக்கானோருக்கு மனநோய் வரவில்லை. ஆனால் அவர்கள் இழந்தது என்ன என்பதை உள்ளே இருந்து, ஒரு கூலிக்காரரின் கண்ணால் எழுதிவைத்தவர்கள் மிகக் குறைவு. சட்ட ஆவணத்தில் ஏக்கர் கணக்கு இருக்கிறது. எந்த மரத்தடியில் பிள்ளைகள் விளையாடினார்கள், எந்தப் பாதை மூடப்பட்டது, எந்தப் பறவை வராமல் போனது என்ற கணக்கு கிளேரிடம்தான் இருக்கிறது.

இப்போ ஹெல்ப்ஸ்டன் எப்படி இருக்கு?

ஊர் இன்னும் சின்னதுதான். புளூ பெல் இருக்கிறது. பக்கத்தில் கிளேர் வாழ்ந்த வீட்டை 2005-ல் ஓர் அறக்கட்டளை வாங்கிப் பொதுமக்கள் பார்வைக்குத் திறந்தது. 1989-ல் லண்டன் வெஸ்ட்மின்ஸ்டர் அபேயின் கவிஞர் பகுதியில் அவருக்கு நினைவுக்கல் வைத்தார்கள். ஒவ்வொரு ஜூலையிலும் அவர் பிறந்தநாளை ஒட்டி, ஊர்ப் பள்ளிக் குழந்தைகள் புல்தரையைச் சதுரமாக வெட்டி அதில் காட்டுப்பூக்களைச் செருகி அவர் கல்லறையைச் சுற்றி வைக்கிறார்கள். கிளேர் தன் எழுத்தில் பதிவு செய்த பழைய ஊர் வழக்கம் அது. புத்தகங்களும் இப்போது அவருடைய வட்டாரச் சொற்களோடு, புள்ளியில்லாமல், அவர் எழுதியபடியே வருகின்றன.

வாய் திறந்து பேசிய அந்த ஸ்வார்டி வெல்? கல் எடுத்தார்கள், பிறகு குப்பை கொட்டினார்கள். இப்போது உள்ளூர் அறக்கட்டளை ஒன்றின் பராமரிப்பில் அது இயற்கைக் காப்பிடமாக இருக்கிறது. காட்டுப்பூக்கள் திரும்பி வந்திருக்கின்றன, ஆடுகள் மேய்கின்றன. யார் வேண்டுமானாலும் உள்ளே போய் நடக்கலாம்.